அது கைவிடப்பட்ட கல்லறை அல்ல

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த மிச்சிகன் பயணக் கட்டுரையை இங்கே ஹான்காக்கில் இருந்தபடி படித்தேன். செம்புச் சுரங்கம், சுப்பீரியர் ஏரி, பனிக்காலம் எல்லாம் நன்றாகவே எழுதப்பட்டிருக்கிறது. ஆனால் உள்பக்கத்தில் ஒரு படம். பைன் மரங்களுக்கு நடுவே சாய்ந்து நிற்கும் கல்லறைக் கற்கள், மாலை வெளிச்சம். அதன் கீழே ‘எவரும் எட்டிப் பார்க்காத பேய்க் கல்லறை’ என்று போட்டிருக்கிறீர்கள். கட்டுரைக்குள்ளும், ஃபின்லாந்துக்காரர்கள் புதைத்துவிட்டு மறந்துபோன இடம் என்றும், இரவில் போனால் சிலிர்ப்பு உறுதி என்றும் வருகிறது.

ஐயா, அந்தப் படத்தில் புல் எவ்வளவு கட்டையாக இருக்கிறது என்று பார்த்தீர்களா? காட்டுக்கு நடுவே இருக்கும் இடம் அது. ஒரு கோடை கவனிக்காமல் விட்டால் புல் இடுப்பளவு வந்துவிடும். இன்னும் சில கோடை விட்டால் மேப்பிள் கன்றுகள் கற்களுக்கு இடையே எழும்பிவிடும். அங்கே அப்படி ஒன்றுமில்லை. ஓரத்தில் இருக்கும் லைலாக் புதர்கூட அளவாக வெட்டப்பட்டிருக்கிறது. புல்வெட்டும் இயந்திரத்தை வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்து, கல்லில் இடிக்காமல் ஒவ்வொன்றையும் சுற்றிச் சுற்றி வெட்டிவிட்டுப் போன ஆள் ஒருவர் இருக்கிறார். அவர் சார்பாகத்தான் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன்.

என்னைப் பற்றி இரண்டு வரி. நான் கோலார் தங்க வயலில் பிறந்து வளர்ந்தவள். தாத்தா சாம்பியன் ரீஃப் சுரங்கத்தில் அண்டர்கிரவுண்டு வேலை பார்த்தார். அப்பாவும் அதே. நான் அங்கேயே பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றேன். மகளுக்கு இங்கே ஹோட்டனில் இருக்கும் மிச்சிகன் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் வேலை. அதனால் பாலத்துக்கு இந்தப் பக்கம் ஹான்காக்கில் குடியிருக்கிறோம். பக்கத்து வீட்டில் எண்பதைத் தாண்டிய அம்மையார் ஒருவர். அவருடைய பாட்டனார் காலத்தில் ஃபின்லாந்திலிருந்து வந்த குடும்பம். கோடையில் சனிக்கிழமை தோறும் வாளி, பிரஷ், தண்ணீர்க் கேன்கள் சகிதம் அவர் கிளம்புவதைப் பார்த்து, எங்கே போகிறீர்கள் என்று கேட்டேன். எங்கள் ஆட்களைப் பார்க்க என்றார். அன்றிலிருந்து நானும் கூடப் போகிறேன். டொய்வோலா, டாப்பியோலா, பெல்கி, நிசுலா என்று இந்த வட்டாரத்தில் ஃபின்லாந்துக்காரர்கள் குடியேறிய ஊர்கள் பல. அந்தப் பக்கங்களில் காட்டு ஓரமாகவும் வயல் ஓரமாகவும் சிறு சிறு கல்லறைத் தோட்டங்கள் இருக்கின்றன. சில கால் ஏக்கர்கூட இருக்காது.

அவர்கள் இங்கே வந்த கதையைக் கட்டுரை ஒரே வரியில் முடித்துவிட்டது. முதல் குழுவினர் 1865 வாக்கில் வந்தார்கள். நேரே ஃபின்லாந்திலிருந்து வந்தவர்கள் அல்ல. நார்வேயின் வடகோடியில் ஃபின்மார்க் பகுதிச் செம்புச் சுரங்கங்களில் வேலை செய்துகொண்டிருந்தவர்கள். அமெரிக்க உள்நாட்டுப் போரால் ஆள் பற்றாக்குறை வந்தபோது, ஹான்காக் மலைமேல் இருந்த குயின்சி சுரங்கக் கம்பெனி அங்கே ஆள் அனுப்பித் திரட்டிக்கொண்டு வந்தது. அதன் பிறகு 1880களிலிருந்து முதல் உலகப் போர் வரை அலை அலையாக வந்தவர்கள் பெரும்பாலும் போஹ்யன்மா என்ற மேற்குக் கரைப் பகுதிக்காரர்கள். பண்ணை ஒரு பிள்ளைக்குப் போகும். மற்றவர்களுக்குக் கூலி வேலைதான். ஃபின்லாந்து அப்போது ரஷ்யப் பேரரசின் கீழ் இருந்தது. 1901-ல் ரஷ்யா கொண்டுவந்த கட்டாய ராணுவச் சேர்ப்புச் சட்டத்துக்குப் பயந்து கப்பலேறிய இளைஞர்களும் உண்டு. மொத்தத்தில் வட அமெரிக்காவுக்கு வந்த ஃபின்லாந்துக்காரர்கள் 3 லட்சத்துக்கும் மேல்.

இங்கே அவர்களுக்குக் கிடைத்தது சுரங்கத்தின் அடிமட்ட வேலை. துளையிடுவது, மேற்பார்வை பார்ப்பது எல்லாம் இங்கிலாந்தின் கார்ன்வாலிலிருந்து வந்தவர்கள் கையில். ஃபின்லாந்துக்காரனுக்கு டிராமர் வேலை. உடைத்துப் போட்ட பாறையைக் கையால் அள்ளித் தள்ளுவண்டியில் நிரப்பி, இரண்டரை டன் பாரத்தை இருட்டில் தண்டவாளத்தின் மேல் தள்ளிக்கொண்டு போக வேண்டும். இதைக் கேட்டபோது எனக்கு வேறு யாருடைய கதையும் போலத் தெரியவில்லை. கோலாரில் 1880-ல் ஜான் டெய்லர் கம்பெனி வந்தபோது கூட வந்த துரைமாரில் பலர் இதே கார்ன்வால்காரர்கள். வட ஆற்காட்டிலிருந்தும் தருமபுரிப் பக்கமிருந்தும் போன எங்கள் தாத்தாக்கள் அவர்களுக்குக் கீழே பாறை அள்ளினார்கள். பூமிக்குள் அழுத்தம் தாங்காமல் பாறை வெடித்து ஊரே குலுங்குவதை நாங்கள் ‘ஏர் பிளாஸ்ட்’ என்போம்; குயின்சியிலும் 1906 முதல் அது உண்டு, பெயரும் அதேதான். பாத்திரம் உருண்டு விழும் சத்தம் கேட்டதும் பெண்கள் ஷாஃப்டை, அதாவது சுரங்க வாயை, நோக்கி ஓடுவதைச் சிறு வயதில் பார்த்தவள் நான். பக்கத்து வீட்டு அம்மையாரின் பாட்டியும் அப்படி ஓடியவர்தான்.

1913 வேலைநிறுத்தத்துக்கு முந்தைய ஆண்டுகளில் இந்தச் செம்புச் சுரங்கங்களில் சராசரியாக வாரத்துக்கு ஒருவர் செத்தார். அதில் ஃபின்லாந்துக்காரர்கள் நிறைய. கல்லறைக் கற்களில் இருபது, இருபத்திரண்டு, இருபத்தைந்து என்று வயதுகள் வரிசையாக வருவதற்கு அதுவே காரணம். உங்கள் கட்டுரையாளர் ‘மர்மமான இளவயது மரணங்கள்’ என்று எழுதியிருக்கிறார். மர்மம் ஒன்றும் இல்லை. மேல்பாறை விழுந்தது, தூக்கி வண்டியின் கயிறு அறுந்தது, வெடிமருந்து தாமதமாக வெடித்தது. கோலாரில் இதெல்லாம் குழந்தைக்கும் தெரியும்.

1913 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் நடந்ததை மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்ல அனுமதியுங்கள். அந்த ஆண்டு ஜூலை 23 அன்று சுரங்கத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். எட்டு மணி நேர வேலை, கூடுதல் கூலி, இரண்டு பேர் இயக்கிய துளை இயந்திரத்தை ஒரே ஆளிடம் கொடுப்பதை நிறுத்த வேண்டும் என்பவை கோரிக்கைகள். தனியாக வேலை செய்கிறவன் அடிபட்டு விழுந்தால் பார்க்க ஆள் இருக்காது என்ற பயம் அந்தக் கடைசிக் கோரிக்கையில் இருந்தது. டிசம்பர் 24 அன்று, இந்தப் பகுதியின் சுரங்க ஊரான கேலுமெட்டில் இத்தாலியன் ஹாலின் மாடியில், தொழிற்சங்கத்தின் மகளிர் அணி தொழிலாளர் பிள்ளைகளுக்குக் கிறிஸ்துமஸ் விழா வைத்தது. மிட்டாயும் பரிசும் வாங்கப் பிள்ளைகள் கூடியிருந்த நேரம், யாரோ ‘தீ’ என்று கத்தினார்கள். தீ எதுவும் இல்லை. எல்லாரும் படிக்கட்டை நோக்கிப் பாய்ந்தார்கள். ஒருவர் மேல் ஒருவர் விழுந்து மூச்சு முட்டி 73 பேர் இறந்தார்கள். அவர்களில் 59 பேர் குழந்தைகள். இறந்தவர்களில் பெரும்பாலோர் ஃபின்லாந்துக் குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். கத்தியது யார் என்பது இன்றுவரை தீரவில்லை.

டிசம்பர் 28, ஞாயிற்றுக்கிழமை, ஆயிரக்கணக்கானோர் பனியில் நடந்து லேக்வியூ கல்லறைத் தோட்டத்துக்குப் பெட்டிகளைச் சுமந்து போனார்கள். குழந்தைகளுக்கு வெள்ளைப் பெட்டி. உறைந்த மண்ணை வேலைநிறுத்தத்தில் இருந்த சுரங்கத் தொழிலாளர்களே வெட்டி நீளமான குழிகள் தோண்டியிருந்தார்கள். கத்தோலிக்கருக்கு ஓர் இடம், புராட்டஸ்டன்டுகளுக்கு ஓர் இடம். நான் அங்கே போய் நின்றிருக்கிறேன். இத்தாலியன் ஹாலை 1984-ல் இடித்துவிட்டார்கள். அதன் வாசல் வளைவு மட்டும் ஊருக்குள் நிற்கிறது. லேக்வியூவில் மக்கள் இன்றும் பொம்மையும் பூவும் வைத்துவிட்டுப் போகிறார்கள்.

உங்கள் படத்தில் இருப்பது போன்ற காட்டுக் கல்லறைகளுக்கும் அந்த வேலைநிறுத்தத்துக்கும் நேரடித் தொடர்பு உண்டு. 1914 ஏப்ரலில் வேலைநிறுத்தம் தோல்வியில் முடிந்தது. முன்னின்ற ஃபின்லாந்துக்காரர்களுக்குச் சுரங்கக் கம்பெனிகள் வேலை கொடுக்க மறுத்தன. ஏற்கெனவே 1890களில் சிலர் விவசாயத்துக்குப் போயிருந்தார்கள். டொய்வோலா அப்படி உண்டான ஊர்தான். இப்போது நிறையப் பேர் அந்த வழியில் போனார்கள். மரக் கம்பெனிகள் வெட்டி எடுத்துக்கொண்டு மரக்கட்டை வேர்களை மட்டும் விட்டுப்போன நிலம் மலிவாகக் கிடைத்தது. வேரைப் பிடுங்குவதற்கே ஆண்டுக்கணக்காகும். உருளைக்கிழங்கு, வைக்கோல், சில மாடுகள், பின்னாளில் ஸ்ட்ராபெரி. பனிக்காலத்தில் ஆண்கள் மரம் வெட்டும் முகாம்களுக்குப் போய்விட, பெண்கள்தான் பண்ணையை நடத்தினார்கள்.

நிலத்துக்குப் போனதும் முதலில் கட்டுவது சவுனா, அதாவது நீராவிக் குளியல் அறை. வீடு எழும்பும்வரை குடும்பம் அதற்குள்ளேயே குடியிருக்கும். குளிப்பது, துணி துவைப்பது, இறைச்சியைப் புகையில் போட்டு வைப்பது எல்லாம் அங்கே. ஊர் மருத்துவச்சி பிரசவம் பார்த்ததும் அங்கே. இறந்தவரைக் கழுவிக் கிடத்தியதும் அதே அறையில்தான். அம்மையாரின் அத்தை ஒருவர் அப்படிப் பிறந்து, ஆறு வயதில் தொண்டை அடைப்பான் வந்து, அதே சவுனாவில் கழுவப்பட்டு, வயலுக்கு அப்பால் மணல்மேட்டில் போய்ப் படுத்தாராம். கோயிலோ போதகரோ இல்லாத இடத்தில் ஊர் பார்த்துப் பொதுவாக ஒதுக்கிய மேடு அது. இங்கே மண் பல இடங்களில் களி. ஆகவே தண்ணீர் நிற்காத, மண்வெட்டி இறங்கும் மணல்மேடு பார்த்துத்தான் புதைக்க இடம் தேர்ந்தார்கள். உங்கள் கட்டுரையாளருக்குத் ‘தனித்து ஒதுக்கப்பட்ட மேடு’ அச்சம் தந்திருக்கிறது. எனக்கு அதில் யோசனையுள்ள மனிதர்களின் கை தெரிகிறது.

பணத்துக்கு என்ன செய்தார்கள் என்று கேட்டேன். பெண்களின் தையல் சங்கம் என்றார். வீடு வீடாக முறை வைத்துக் கூடுவார்கள். பின்னிய காலுறை, கையுறை, மேசைவிரிப்பு ஏலம் போகும். காப்பியும் ஏலக்காய் போட்ட இனிப்பு ரொட்டியும் விற்பார்கள். அந்தக் காசில்தான் வேலிக்கம்பி, வாசல் கதவு, போதகருக்குப் பயணச் செலவு எல்லாம். அடக்கம் முடிந்து வந்தவர்களுக்கும் அதே காப்பி, அதே ரொட்டி. (அந்த ஏலக்காய் வாசனையை முதல் தடவை கல்லறை வாசலில் முகர்ந்தபோது எங்கள் வீட்டுப் பாயசம் நினைவுக்கு வந்து கண் கலங்கிவிட்டது.)

பனிக்காலத்தில் இறந்தால் உடனே புதைக்க முடியாது. சுப்பீரியர் ஏரிக்குள் நீண்டிருக்கும் இந்தக் கீவினா தீபகற்பத்தில் 1978-79 பனிக்காலத்தில் மட்டும் 390.4 அங்குலம் பனி பெய்தது; 32 அடிக்கு மேல். அதன் அளவைக் காட்டும் பெரிய கம்பம் ஒன்று நெடுஞ்சாலை ஓரத்தில் நிற்கிறது. மண் இறுகிப்போய், பாதையும் மூடிப்போய்விடும். பெட்டியைக் குளிர்ந்த கொட்டகையிலோ, பெரிய கல்லறைகளில் இதற்கென்று கட்டிய அறையிலோ வைத்திருந்து பனி உருகிய பின் புதைப்பார்கள். ஜனவரியில் போன பிள்ளையை மே மாதத்தில் புதைத்த தாய்மார்கள் எத்தனை பேர். கல்லில் இருக்கும் தேதியைப் பார்த்துப் போகிறவர்களுக்கு அந்த நடு மாதங்கள் தெரியாது.

கற்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். காசு இருந்தவர்கள் பளிங்கோ கிரானைட்டோ வாங்கி நட்டார்கள். இல்லாதவர்கள் பலகையில் அச்சுப் பெட்டி செய்து சிமென்ட் ஊற்றி, ஈரம் காயுமுன் ஆணியாலோ குச்சியாலோ பெயரைக் கீறினார்கள். அப்படிக் கீறிய எழுத்தில் ஒரு வரி மேலே ஏறும், அடுத்த வரி கீழே இறங்கும். இடம் போதாமல் கடைசி எழுத்து ஓரத்தில் ஒண்டிக்கொண்டிருக்கும். அதை எழுதியவர் தகப்பனாராகவோ அண்ணனாகவோதான் இருந்திருப்பார். மரச் சிலுவைகள் எப்போதோ மக்கிவிட்டன. அந்த இடங்களில் நிலம் லேசாகக் குழிந்திருப்பதைக் கொண்டுதான் அங்கே ஒருவர் இருக்கிறார் என்று தெரிகிறது. அம்மையார் அந்தக் குழிவுகளை மிதிக்காமல் சுற்றிப்போவார். என்னையும் அப்படியே பழக்கினார். பெயர் தெரிந்தவற்றைப் பெயர் சொல்லிக் காட்டுவார். தெரியாதவற்றின் பக்கத்திலும் ஒரு நிமிடம் நிற்பார்.

இவர்கள் எல்லாரும் ஒற்றுமையாக இருந்த சமூகம் என்று நான் சொல்ல வரவில்லை. லூத்தரன் சபையிலேயே பிளவு. லெஸ்டாடியஸ் என்ற போதகரின் வழி வந்தவர்கள் 1870களிலேயே கேலுமெட்டில் தனிச் சபை அமைத்துப் பிரிந்தார்கள். மற்றவர்களில் பலர் 1890-ல் சுவோமி சினட் என்ற சபைக் கூட்டமைப்பாகக் கூடினார்கள். இந்த இரண்டிலும் சேராத சோஷலிஸ்டுகள் தங்களுக்கென்று மன்றக் கட்டடங்கள் கட்டி, நாடகமும் நடனமும் கூட்டமும் நடத்தினார்கள். அவர்களுடைய ‘த்யோமியேஸ்’ பத்திரிகை 1904 முதல் 1914 வரை ஹான்காக்கிலிருந்துதான் வந்தது. கோயிலுக்குப் போகிறவரும் மன்றத்துக்குப் போகிறவரும் ஒரே கடையில் சாமான் வாங்க மாட்டார்கள். பிள்ளைகளுக்குக் கல்யாணம் பேச மாட்டார்கள். சோஷலிஸ்டு ஒருவர் இறந்தால் போதகர் இல்லாமல், சிவப்புக் கொடியும் தொழிலாளர் பாட்டுமாக அடக்கம் நடக்கும்.

அந்தக் குடும்பங்கள் சிலவற்றின் துயரம் இங்கே உள்ள எந்தக் கல்லிலும் இல்லை. 1930களின் தொடக்கத்தில், பொருளாதார வீழ்ச்சியின் நடுவே, ஃபின்லாந்தை ஒட்டிய சோவியத் கரேலியாவில் புது உலகம் கட்டப் போகிறோம் என்று அமெரிக்காவிலிருந்தும் கனடாவிலிருந்தும் சுமார் 6,000 ஃபின்லாந்துக்காரர்கள் கப்பலேறினார்கள். கருவிகளையும் சேமிப்பையும் கொண்டுபோனார்கள். 1937-38-ல் ஸ்டாலின் ஆட்சியின் கைதுகளில் அவர்களில் நூற்றுக்கணக்கானோர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். பலர் கிடப்பது கரேலியாவில் சந்தர்மோஹ் காட்டின் பொதுக்குழிகளில். இங்கே தாய் தகப்பன் கல்லுக்குப் பக்கத்தில் இரண்டு மூன்று பேருக்கான இடம் காலியாக விடப்பட்டிருப்பதை நான் பார்த்திருக்கிறேன். மகன் திரும்பி வருவான் என்று வாங்கிப் போட்ட இடம் அது என்று அம்மையார் ஒருமுறை சொன்னார். எந்தக் குடும்பம் என்பதை இங்கே எழுத எனக்கு உரிமை இல்லை.

இப்போதைய நிலைக்கு வருகிறேன். இந்தக் கல்லறைகளுக்கு ஆபத்து இல்லை என்று சொன்னால் அது பொய்யாகிவிடும். கிராமத்துச் சபைகள் சுருங்கி, ஒன்றோடொன்று சேர்ந்து, சில மூடப்பட்டுவிட்டன. பிள்ளைகள் வேலைக்காக டெட்ராய்டுக்கும் மினியாபொலிஸுக்கும் போய்விட்டார்கள். புல் வெட்டும் கைகளுக்கு வயதாகிவிட்டது. சில இடங்களை உள்ளூர் டவுன்ஷிப் நிர்வாகம் ஏற்று நடத்துகிறது. சிலவற்றை இன்னும் நாலைந்து குடும்பங்கள் சேர்ந்து பார்த்துக்கொள்கின்றன. மே மாதக் கடைசித் திங்கட்கிழமை, இறந்தோரை நினைவுகூரும் மெமோரியல் டே அன்று போய்ப் பாருங்கள். வெளியூரிலிருந்து வண்டி வண்டியாக வருவார்கள். மண்வெட்டி, பூந்தொட்டி, பேரப்பிள்ளைகள். நவம்பர் 2 கல்லறைத் திருநாளில் கே.ஜி.எஃப்.பில் நாங்கள் சுண்ணாம்படித்து, சாமந்தி வைத்து, மெழுகுவத்தி ஏற்றும் நாளின் சந்தடி அப்படியே அங்கே இருக்கும்.

இன்னொன்று, ஏடுகள். யார் எங்கே புதைக்கப்பட்டார் என்பது சபைப் பதிவேடுகளில் ஃபின்னிஷ் மொழியில், பழைய கையெழுத்தில் இருக்கிறது. கல் அழிந்தாலும் ஏடு இருந்தால் ஆளைக் கண்டுபிடித்துவிடலாம். ஹான்காக்கில் 1896-ல் இந்த மக்கள் தொடங்கிய சுவோமி கல்லூரி, பின்னாளில் ஃபின்லாண்டியா பல்கலைக்கழகம் என்று பெயர் மாறியது. கடன் சுமை தாங்காமல் 2023-ல் அது மூடப்பட்டது. அதன் ஆவணக் காப்பகத்தில்தான் பழைய சபைகளின் பதிவேடுகள் இருந்தன. அந்த ஆண்டு இந்த ஊரில் எத்தனை பேருக்குத் தூக்கம் போனது என்று எனக்குத் தெரியும். நல்லவேளையாக, ஃபின்லாண்டியா ஃபவுண்டேஷன் என்ற ஃபின்னிஷ்-அமெரிக்க அமைப்பு, ஃபின்னிஷ் அமெரிக்கன் ஹெரிட்டேஜ் சென்டரையும் அதிலுள்ள ஆவணங்களையும் ஏற்றுக்கொண்டது. சுவோமி கல்லூரி மூடப்பட்டதைப் பற்றி எழுதிய உங்கள் கட்டுரையாளர் இதை விட்டுவிட்டார்.

‘சிலிர்ப்பு உறுதி’ என்ற வரியால் எனக்கு உண்டான கவலையை இனி நீங்கள் புரிந்துகொள்வீர்கள். இங்கே படிக்க வரும் நம் பிள்ளைகள் உங்கள் பத்திரிகையைக் கைப்பேசியில் படிக்கிறார்கள். இரவில் விளக்கோடு போய் வீடியோ எடுப்பது ஏற்கெனவே நடக்கிறது. சாய்ந்த கல்லில் ஏறி உட்கார்ந்தால் அது அடியோடு முறியும். எழுத்து தெரியட்டும் என்று கம்பி பிரஷ் போட்டுத் தேய்த்தால் பளிங்கின் மேல்தோல் உரிந்து, அடுத்த தலைமுறைக்கு எழுத்தே இருக்காது. ஷேவிங் நுரை பூசுவதும் பிளீச்சிங் ஊற்றுவதும் கெடுதல்தான். வேண்டியது சுத்தமான தண்ணீரும் மென்மையான பிரஷும்தான். வெயில் சாய்ந்த வேளையில் பக்கவாட்டில் கண்ணாடி பிடித்து ஒளியைத் திருப்பினால் மங்கிய எழுத்தும் தானே எழும்பி வரும். அம்மையார் பவுடர் டப்பாக் கண்ணாடியால் அப்படித்தான் படிக்கிறார். விழுந்த கல்லை நிமிர்த்த வேண்டுமானால் பொறுப்பாளரைக் கேட்டுவிட்டுச் செய்ய வேண்டும். பகலில், அனுமதியோடு, கைகொடுக்கப் போகிற மாணவர்களை இங்குள்ள பெரியவர்கள் மகிழ்ச்சியோடு வரவேற்பார்கள். இருபது வயதுக் கை ஒன்று கிடைத்தால் ஒரு நாள் வேலை ஒரு மணி நேரத்தில் முடியும்.

தங்க வயல் வாசகர்களுக்கும் ஒரு விண்ணப்பம். நம் சுரங்கம் 2001 பிப்ரவரி 28-ல் மூடப்பட்டது. நம் கல்லறைகளிலும் சிமென்ட் சிலுவைகள் உதிர்கின்றன. கோயில் ஏடுகளில் இருக்கும் அடக்கப் பதிவுகளை, பங்குக் குருவிடமோ போதகரிடமோ அனுமதி பெற்று, பக்கம் பக்கமாகப் படம் எடுத்து வையுங்கள். எந்த ஷாஃப்டில் எப்படி இறந்தார் என்று தெரிந்த பெரியவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்கள் சொல்வதையும் எழுதிவைக்க வேண்டும். என் தாத்தாவின் கல்லில் பெயர் பாதிதான் மிஞ்சியிருக்கிறது. முழுப் பெயர் ஏட்டில் இருக்கிறது என்பதால்தான் என் பேரனால் அதைப் படிக்க முடிகிறது.

ஆசிரியர் அவர்களே, தங்களிடம் நான் கேட்பது மூன்று. இணையப் பதிப்பிலிருந்து ‘பேய்க் கல்லறை’ என்ற பட விளக்கத்தை நீக்குங்கள். இரவில் போகச் சொல்லும் வரியை எடுத்துவிடுங்கள். அடுத்த ஞாயிறு இணைப்பில் அதே படத்தை, ‘ஃபின்லாந்துக் குடியேறிகள் அமைத்து, அவர்கள் சந்ததியினர் இன்றும் பராமரித்துவரும் கிராமக் கல்லறைத் தோட்டம், ஹோட்டன் மாவட்டம், மிச்சிகன்’ என்ற விளக்கத்தோடு ஒரு தடவை வெளியிடுங்கள். அம்மையாருக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் அந்தப் பக்கத்தை அவருக்கு நான் வாசித்துக் காட்ட வேண்டும். முதலில் வந்ததை அவரிடம் இன்னும் சொல்லவில்லை.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
ஹான்காக், மிச்சிகன்